காகிதக்கூழ்த் தலைக்குள் ஒரு மனிதர்

(ஆசிரியர் பயிற்சி முகாம் ஒன்றில் ஆற்றிய உரை)



வகுப்பறையில் பொம்மையும் முகமூடியும் எதற்கு என்று பேச வந்திருக்கிறேன். அதற்கு ஓர் இங்கிலாந்து நகைச்சுவைக் கலைஞரைத் துணைக்கு அழைக்கிறேன். பெயர் கிறிஸ் சீவி, 1955இல் பிறந்தவர். மான்செஸ்டரில் 'தி ஃப்ரெஷீஸ்' என்ற இசைக்குழுவை நடத்தினார். பெரிய வெற்றி கிட்டவில்லை.

1980களில் அந்தக் குழுவுக்கு ஒரு கற்பனை ரசிகரை உருவாக்கினார். அவர்தான் ஃபிராங்க் சைட்பாட்டம். தலை முழுவதையும் மூடும் பெரிய காகிதக்கூழ்த் தலை, அதில் வரைந்த அகன்ற கண்கள், கோட்டு, டை, மூக்கை அடைத்துக்கொண்டு பேசும் குரல். டிம்பர்லி என்ற ஊரில் அம்மாவுடன் வாழ்ந்துகொண்டு, பெரிய பாடகராகக் கனவு காணும் வெகுளி. புகழ்பெற்ற பாடல்களில் டிம்பர்லியைச் செருகிப் பாடுவார். 'லிட்டில் ஃபிராங்க்' என்ற தன் அட்டைப் பொம்மையோடு மேடையிலேயே சண்டை போடுவார்! கரோலைன் ஆஹெர்ன் பின்னாளில் புகழ்பெறச் செய்த 'மிஸஸ் மெர்ட்டன்' பாத்திரம் தொடங்கியதும் ஃபிராங்கின் நிகழ்ச்சியில்தான்.

சொந்த முகத்தோடு கிடைக்காத கவனம், காகிதத் தலைக்குக் கிடைத்தது. இதை நம் வகுப்பிலும் பார்க்கலாம். என் ஐந்தாம் வகுப்பில் ஒரு மாணவி வாயே திறக்க மாட்டாள். கையில் காகிதப் பொம்மையைக் கொடுத்தேன். பொம்மை பேசியது, கதை சொன்னது, பக்கத்துப் பையனை அதட்டவும் செய்தது! தவறு வந்தால் அது பொம்மையின் தவறு. அந்தத் துணிச்சல்தான் அவளுக்குத் தேவைப்பட்டிருக்கிறது.

ஆனால் சீவியின் வாழ்வில் மற்றொரு பக்கமும் உண்டு. பிற்காலத்தில் 'பிங்கு', 'பாப் தி பில்டர்' போன்ற குழந்தைகள் தொடர்களின் தயாரிப்பில் வேலை செய்தார். 2010இல் புற்றுநோயால் 54 வயதில் மறைந்தபோது, இறுதிச் சடங்குக்குக்கூடப் பணம் இல்லை. செய்தி பரவியதும் ரசிகர்கள் சில நாட்களில் 20,000 பவுண்டுக்கு மேல் திரட்டிக் கொடுத்தார்கள். 2013இல் டிம்பர்லியில் சிலையும் வைத்தார்கள். அந்தச் சிலையில் இருப்பது ஃபிராங்கின் தலை. உள்ளே இருந்தவரின் முகத்தை அறிந்தவர்கள் குறைவு.

இதில் நமக்கு ஒரு பாடம் இருக்கிறது. பொம்மை பேசும்போது, "நீதானே பேசுகிறாய்?" என்று குறுக்கிடாதீர்கள். அது பேசி முடிக்கட்டும். பொம்மையைக் கீழே வைத்த பிறகு, அந்தக் குழந்தையின் முகத்தைப் பார்த்து, பெயர் சொல்லிப் பாராட்டுங்கள். அவள் சொன்ன கதையை அவள் பெயரிலேயே கரும்பலகையில் எழுதுங்கள். கைதட்டல் பொம்மையோடு நின்றுவிடக் கூடாது. குழந்தையைச் சென்று சேர வேண்டும்.

பழைய செய்தித்தாளும் கொஞ்சம் பசையும் போதும். நாளைக்கே தொடங்கலாம்.