பிரிக்பீல்ட்ஸ் படத்தில் இருக்கிறது, தோட்டம்?

கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் 2001ஆம் ஆண்டு கே.எல். சென்ட்ரல் ரயில் நிலையம் திறக்கப்பட்டது. பழைய தெருக்களின் பக்கத்திலேயே வானுயர்ந்த கட்டடங்கள் எழுந்தன. 2010 அக்டோபரில் அந்த வட்டாரம் 'லிட்டில் இந்தியா'வாகப் புதுக்கோலம் பூண்டது. இடைப்பட்ட காலத்தில் அங்கே வாழ்ந்தவர்கள் எப்படி இருந்தார்கள் என்று பிள்ளைகள் கேட்டால், தீபக் குமரன் மேனனின் 'சலங்கை' (2007) படத்தைப் போட்டுக் காட்டலாம்.

பெரிய கதை ஒன்றுமில்லை. சாலையோரம் பூ விற்கும் தாய், கார் கழுவும் மகன், பரதம் ஆட ஏங்கும் மகள். ஒரு சாதாரணக் குடும்பம் நாளை எப்படித் தள்ளுகிறது என்பதுதான் படம்.

தோட்டத்துக்கும் படங்கள் உண்டு. அதே இயக்குநரின் 'செம்மண் சாலை' (2005) 1960களின் தோட்டத்தைக் காட்டியது. சஞ்சய் குமார் பெருமாளின் 'ஜகாட்' (2015), தோட்டத்தை விட்டு வெளியேறியவர்கள் புறம்போக்குக் குடியிருப்பில் பட்ட பாட்டைச் சொன்னது. 2016 மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த படமாகவும் வென்றது. முதலில் அதை மலாய் அல்லாத மொழிப் பிரிவில் ஒதுக்கி வைத்ததும், எதிர்ப்புக்குப் பின் பிரிவுகளை மாற்றியதும் தனிக்கதை.

நெகிரி செம்பிலானுக்கு வருவோம். நீலாய், ஸ்ரீ செண்டாயான் பக்கம் இன்று வீடமைப்புத் திட்டங்களும் கல்லூரிகளும் தொழிற்பேட்டைகளும்தான் கண்ணில் படுகின்றன. முன்பு அங்கே ரப்பர், பிறகு செம்பனை. விடியுமுன் பெரட்டு, மங்கு துடைக்கும் கை, ஆயாக்கொட்டகையில் விட்டு வந்த கைக்குழந்தை, வாளியோடு பால் நிறுக்க வரிசை. இதையெல்லாம் செய்தவர்களில் பலர் இன்று எழுபதைத் தாண்டி, மலிவுவிலை அடுக்குமாடிகளில் இருக்கிறார்கள்.

இன்று எல்லார் கையிலும் படம் பிடிக்கும் கைத்தொலைபேசி இருக்கிறது. பிடிப்பதோ திருவிழாவையும் கல்யாணத்தையும்! கோயிலையோ பள்ளியையோ இடம் மாற்றும் நாளில் செய்தியாளர்கள் வருவார்கள். அன்று பதிவாவது கண்ணீர்தான். அதே அம்மா முதல்நாள் எத்தனை மணிக்கு எழுந்தார், சாப்பாட்டுக் கேரியரில் என்ன கட்டினார் என்று யாரும் எடுத்து வைப்பதில்லை.

நேயர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். பாட்டியை நாற்காலியில் உட்கார வைத்துப் பேட்டி எடுத்தால், "அந்தக் காலத்துல ரொம்பக் கஷ்டம்பா" என்பதோடு பேச்சு முடிந்துவிடும். பால் வெட்டும் உளியைக் கையில் கொடுத்து மரத்தின் முன் நிறுத்த வேண்டும். பட்டையை எவ்வளவு ஆழம் சீவுவது, கோடு எப்படிச் சரிந்து இறங்கும் என்பதைக் கையே காட்டிக் கொடுத்துவிடும். குவாலா பிலா, ஜெலுபு பக்கம் சிறுதோட்டக்காரர்களின் ரப்பர் மரங்கள் இன்னும் நிற்கின்றன. சிரம்பானிலிருந்து ஒரு மணி நேரப் பயணம்.