ஊமைப்பட நாயகர் ராஜா சாண்டோ



பேசாத படத்தில் நடித்த ஒருவரைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். தலைப்பைச் சொன்னதும், "சாண்டோ சின்னப்பா தேவரா, அம்மா?" என்று வினவினார் நம் கடமலைக்குண்டு அன்பர் ஒருவர். அவர் அல்லர், இவர் ஒரு தலைமுறை முந்தியவர். புதுக்கோட்டையில் 1894இல் பிறந்த பி.கே. நாகலிங்கம்.

'சாண்டோ' என்பது ஜெர்மானியப் பயில்வான் ஒருவரின் பெயர். நாகலிங்கம் பிறந்த அதே ஆண்டில் எடிசனின் படக்கருவிக்கு முன் தசை முறுக்கி நின்றவர் அந்த யூஜின் சாண்டோ. பின்னர் இந்தியாவுக்கும் வந்து வித்தை காட்டினார். கையில்லாப் பனியனில் இன்றும் அவர் பெயர் வாழ்கிறது. தேகப்பயிற்சியில் தேர்ந்த நம் நாகலிங்கமும் அப்பெயரையே சூடிக்கொண்டார்.

1920களில் பம்பாய் சென்ற அவர், குஜராத்தியர் நடத்திய படக்கம்பெனிகளில் கதாநாயகரானார். சந்துலால் ஷா இயக்கிய 'டைப்பிஸ்ட் கேர்ள்' (1926), 'குணசுந்தரி' (1927) ஆகியவை குறிப்பிடத்தக்கவை. முன்னதில் உடன் நடித்த சுலோசனா, ரூபி மையர்ஸ் என்னும் யூதப் பெண்மணி. புதுக்கோட்டைத் தமிழரும் யூத நங்கையும் குஜராத்தியர் கதையில் நடிக்க, நாடெங்கும் மக்கள் பார்த்தனர். மொழி தடையாகவில்லை. திரையில் வரும் எழுத்தை ஒருவர் உரக்கப் படித்துச் சொல்ல, எழுத்தறியாதவரும் கதையைப் பின்தொடர்ந்தனர். நான் தமிழாசிரியை, எனினும் சொல்கிறேன், அன்று அம்மனிதருக்கு வாழ்வளித்தது மொழியன்று, மௌனமே. 1931இல் பேசும் படம் வந்தபின் சுலோசனாவே நடிப்பை நிறுத்தி இந்துஸ்தானி பயில வேண்டியதாயிற்று.

ராஜா சாண்டோவோ அதற்குச் சற்று முன்பே சென்னைக்கு வந்து, ஆர். பத்மநாபனின் அசோசியேட்டட் பிலிம்ஸுக்காக 'பேயும் பெண்ணும்', 'நந்தனார்' முதலிய ஊமைப்படங்களை இயக்கினார். பின்னாளில் 'தியாகபூமி' எடுத்த கே. சுப்பிரமணியம் திரைத்தொழில் பழகியதும் அக்கம்பெனியில்தான். பேசும் படங்களில் 'மேனகா' (1935), டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவினரைத் திரைக்குக் கொணர்ந்தது. புராணமே கதி என்றிருந்த காலத்தில் அது ஒரு சமூகக் கதை. பாகவதரின் 'திருநீலகண்டர்' (1939) படத்தை இயக்கியவரும் இவரே. ஐம்பது வயதை எட்டாமலே கோயம்புத்தூரில் மறைந்தார்.

தமிழக அரசு இவர் பெயரில் திரைப்பட விருது வழங்கிவருகிறது. விருது பெறுவோர் அறிவர் பெயரை, முகத்தை? இந்தியாவில் எடுக்கப்பட்ட ஊமைப்படங்கள் 1,300க்கும் மேல். முழுமையாக எஞ்சியவை மிகச் சில. அக்காலத்து நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பற்றும். தானே மக்கியும் போகும். ஓடி முடிந்த படத்தை வெள்ளிக்காக உருக்கியவர்களும் உண்டு. தென்னாட்டில் எடுத்தவற்றுள், பதிப்புரிமை வழக்கில் முடங்கியதால் தப்பியது 'மார்த்தாண்ட வர்மா' (1933) ஒன்றே.

ஏட்டுச்சுவடிகளைக் கரையான் அரித்தது குறித்து வகுப்பறையில் வருந்துகிறோம். உ.வே.சா. ஊர் ஊராய் அலைந்தபோது சில ஏடுகளேனும் கிடைத்தன. அந்தப் பயில்வானின் சில நொடிப் படத்தை அமெரிக்கர் காத்து வைத்திருக்கின்றனர், இன்றும் காணலாம். அவர் பெயரைச் சூடிய நம்மவரின் சென்னை ஊமைப்படங்களில் ஓரடிச் சுருளும் மிஞ்சவில்லை.