கரகரப்பும் காலக்கணக்கும்

இசை விமர்சனம் பற்றிப் பேசச் சொன்னார்கள். பொதுவாகப் பேசினால் தூக்கம் வரும், எனக்கே. அதனால் ஒரே ஓர் இசைத்தட்டோடு நிற்கிறேன்: ஜாஸ் பாடகி பில்லி ஹாலிடேயின் ‘லேடி இன் சாட்டின்’.

1958 பிப்ரவரியில் நியூயார்க் 30-ஆம் தெருவிலிருந்த கொலம்பியா ஒலிப்பதிவுக் கூடத்தில் பதிந்தார்கள். பழைய தேவாலயக் கட்டடம், வெகு உயரமான கூரை. மறு ஆண்டு ட்ரம்பெட் கலைஞர் மைல்ஸ் டேவிஸ் ‘கைண்ட் ஆஃப் ப்ளூ’வைப் பதிந்ததும் அங்கேதான். ஹாலிடேக்கு அப்போது 42 வயது. ஹெராயினும் மதுவும் சாரீரத்தை அரித்திருந்தன. 1947-இல் சிறைக்குப் போனதோடு, நியூயார்க்கில் மது விற்கும் விடுதிகளில் பாடுவதற்கான அனுமதி அட்டையும் போயிருந்தது.

பின்னணியில் வயலின் கூட்டம் வேண்டும் என்று கேட்டவர் அவரே. வயலின் கூட்டம் என்றாலே ஜாஸ் ரசிகர்கள் பலருக்கு முகம் சுளிக்கும். சர்க்கரைப் பாகு ஊற்றிவிட்டார்கள் என்பார்கள். ஆனால் இந்த ஆசை அவருக்குப் பழசு. 1944-இல் டெக்கா நிறுவனத்துக்கு ‘லவர் மேன்’ பாடியபோதே தந்தி வாத்தியங்களைக் கேட்டு வாங்கியவர். இந்த முறை வாத்திய அமைப்பை ரே எல்லிஸிடம் கொடுத்தார்கள். எல்லிஸின் இசைத்தட்டு ஒன்றைக் கேட்டு, இவர்தான் வேண்டும் என்றாராம்.

இசைத்தட்டின் முதல் விமர்சகரும் எல்லிஸ்தான். பதிவின்போது அவருக்குத் திருப்தியில்லை. சுருதி நழுவுகிறது, குரல் உடைகிறது, இசைக்கலைஞனின் காதுக்கு அதுதான் முதலில் படும். பிறகு கட்டுப்பாட்டு அறையில் உட்கார்ந்து முழுவதையும் கேட்டபோதும் இல்லை. சில வாரங்கள் கழித்து இறுதிக் கலவையைக் கேட்டபோதுதான், அந்த அம்மாள் என்ன செய்திருக்கிறார் என்று விளங்கியது. இதை அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். ஒரு விமர்சகர் இப்படி வாய்விட்டு ஒப்புக்கொள்வது எவ்வளவு அபூர்வம் என்று இங்கே உட்கார்ந்திருக்கும் சிலருக்குத் தெரியும்.

மற்றவர்கள் இரண்டு கட்சியானார்கள். அடுத்தவர் துயரத்தை ஜன்னல் வழியே எட்டிப் பார்ப்பது போலிருக்கிறது என்றது ஒரு கட்சி. அந்தத் துயரம்தான் கலை என்றது இன்னொன்று. மைல்ஸ் டேவிஸ், பழைய ஹாலிடேயைவிட இப்போதைய ஹாலிடேயைத்தான் தனக்குப் பிடிக்கிறது என்று அதே 1958-இல் சொன்னார்.

எனக்கு இரண்டு கட்சிமேலும் ஒரே குறைதான். இருவரும் குரலை வைத்தியரின் சீட்டாகப் படித்தார்கள். ஒருவர் நோயைக் கண்டு கலங்கினார், மற்றவர் அதே நோயைக் கொண்டாடினார். காலப்பிரமாணத்தை யார் கேட்டார்கள்? ‘யூ’வ் சேஞ்ச்ட்’ பாட்டைக் கவனியுங்கள். வயலின்கள் தம் பாட்டுக்கு முன்னே போகின்றன. இவர் அவசரப்படுவதில்லை. சொல்லைக் கொஞ்சம் பின்தங்க விட்டு, விழப்போகிறது என்று நாம் நினைக்கும் நேரத்தில் கொண்டுவந்து வைக்கிறார். 1935-இல் பியானோ கலைஞர் டெடி வில்சனோடு பாடிய இளம்பெண்ணின் அதே கணக்கு. குரல் தேய்ந்தது, கணக்கு தேயவில்லை.

இந்தத் தட்டில் அவர் அதற்குமுன் பதிந்த பாட்டு எதுவுமில்லை. ‘தி எண்ட் ஆஃப் எ லவ் அஃபேர்’ சுத்தமாகப் பழகாத பாட்டு. இசைக்குழுவை முதலில் பதிந்து, குரலைப் பிறகு சேர்த்தார்கள். அதனாலேயே அது ஸ்டீரியோ தட்டில் இடம்பெறவில்லை, மோனோவில் மட்டும் வந்தது. 1997 மறுவெளியீட்டில் அந்தப் பதிவு நாடாவும் இருக்கிறது. தடுமாறுகிறார், நிறுத்துகிறார், மறுபடி எடுக்கிறார். அந்தப் பதிவுக்குப் பிறகு அவர் ஒன்றரை வருஷம்கூட இல்லை. 1959 ஜூலை 17-இல் போய்விட்டார்.

அந்த நாடாவைக் கொண்டுவந்திருக்கிறேன். சுமார் பத்து நிமிஷம் ஓடும். மின்விசிறியை மட்டும் யாராவது நிறுத்துங்கள்.