இரண்டாவது கோல்கீப்பர்

 

இன்றைய பேச்சு ஒரு விளையாட்டு வீராங்கனையைப் பற்றியது. அவர் பெயர் எதிமர்ப்பு ரஜனி. இந்தியப் பெண்கள் ஹாக்கி அணிக்குக் கோல்கீப்பராக இருந்தவர். இந்தப் பக்கத்துப் பெண்தான்.

தலகோனா அருவியை உங்களில் பலர் பார்த்திருப்பீர்கள். பார்க்காதவர்களும் பெயரைக் கேட்டிருப்பீர்கள். அந்த அருவி எர்ராவாரிபாளையம் மண்டலத்தில் இருக்கிறது. அதே மண்டலத்தில் எனுமலவாரிபல்லி என்று ஒரு சிற்றூர். ரஜனி அந்த ஊர்ப் பெண். 1990-ஆம் ஆண்டு ஜூன் 9-ஆம் தேதி பிறந்தார். அப்போது அந்த ஊர் சித்தூர் மாவட்டத்தில் இருந்தது. 2022 ஏப்ரலில் திருப்பதி மாவட்டம் தனியாகப் பிரிந்தபோது அதில் சேர்ந்தது.

ரஜனியின் அப்பா தச்சர். தச்சு வேலை செய்யும் வீட்டில் வரவு எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியும். வேலை வந்தால் காசு. வராவிட்டால் இல்லை. அப்படிப்பட்ட வீட்டுப் பெண், பள்ளியில் படிக்கும்போது ஹாக்கி மட்டையைக் கையில் எடுத்தார்.

ஹாக்கி என்றால் என்ன? முதலில் அதைத் தெரிந்துகொள்வோம்.

ஹாக்கியில் ஓர் அணிக்கு 11 பேர். கையில் வளைந்த மட்டை இருக்கும். அந்த மட்டையால்தான் பந்தைத் தள்ள வேண்டும், அடிக்க வேண்டும். எதிர் அணியின் கோலுக்குள் பந்தைப் போட வேண்டும். அதிகக் கோல் போட்ட அணி வெல்லும்.

11 பேரில் ஒருவர் கோல்கீப்பர். அதாவது கோலைக் காப்பவர். அவர் காக்கும் கோல் எவ்வளவு பெரியது தெரியுமா? 12 அடி அகலம், 7 அடி உயரம். வரும் பந்து ரப்பர் பந்து அல்ல. கல் போன்ற கெட்டிப் பந்து. எடை சுமார் 160 கிராம். அடிக்கிற அடியில் அது மணிக்கு 100 கிலோமீட்டர் வேகத்தை நெருங்கும். அதனால் கோல்கீப்பர் தலைக்கு ஹெல்மெட் போடுவார். மார்புக்குக் கவசம், காலுக்குத் தடித்த பட்டை, கைக்கு உறை, இவ்வளவையும் மாட்டிக்கொள்வார். இந்தச் சுமையோடு குதிக்க வேண்டும், பாய வேண்டும், தரையில் விழ வேண்டும், உடனே எழ வேண்டும்.

மற்ற ஆட்டக்காரர் தவறு செய்தால் இன்னொருவர் சரி செய்யலாம். கோல்கீப்பர் தவறினால் பின்னால் யாரும் இல்லை. வலைதான் இருக்கிறது.

சரி, பெரிய போட்டிகளுக்குப் போகும்போது அணியில் எத்தனை கோல்கீப்பர்கள் இருப்பார்கள்? பெரும்பாலும் 2 பேர். 18 பேர் கொண்ட அணியில் 2 கோல்கீப்பர்கள். ஆனால் ஆட்டத்தில் ஒரு நேரத்தில் ஒருவர்தான் கோலில் நிற்க முடியும். மற்றவர் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருப்பார்.

முன்வரிசை ஆட்டக்காரர்களை அடிக்கடி மாற்றுவார்கள். ஒருவர் களைத்தால் இன்னொருவர் இறங்குவார். கோல்கீப்பரை அப்படி மாற்றுவது குறைவு. அதனால் இரண்டாவது கோல்கீப்பர் பல ஆட்டங்களைப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும்.

ரஜனிக்குப் பல ஆண்டுகள் கிடைத்த இடம் இதுதான்.

முதல் இடத்தில் இருந்தவர் யார்? சவிதா புனியா. அரியானா மாநிலத்துக் கிராமத்துப் பெண். அவரும் 1990-இல்தான் பிறந்தார், ஜூலை மாதம். இருவருக்கும் ஒரு மாதம்தான் வித்தியாசம். சவிதா சாதாரண ஆட்டக்காரர் அல்ல. உலக ஹாக்கி சம்மேளனம் அவரை மூன்று முறை ஆண்டின் சிறந்த கோல்கீப்பராகத் தேர்ந்தெடுத்தது. அதாவது, உலகத்தின் முதல் கோல்கீப்பர் எந்த அணியில் இருந்தாரோ, அதே அணியில் இரண்டாவது கோல்கீப்பராக இருந்தார் ரஜனி.

2016-இல் பிரேசில் நாட்டின் ரியோ நகரில் ஒலிம்பிக் நடந்தது. 36 ஆண்டுகளுக்குப் பிறகு இந்தியப் பெண்கள் ஹாக்கி அணி ஒலிம்பிக்குக்குத் தகுதி பெற்றது. ஒலிம்பிக் அணியில் 16 பேருக்குத்தான் இடம். அதில் ஒரு கோல்கீப்பரை மட்டும் சேர்த்தார்கள். அவர் சவிதா. ரஜனி மாற்று ஆட்டக்காரர். யாருக்காவது காயம் பட்டால்தான் அவருக்கு வாய்ப்பு.

2021-இல் டோக்கியோ ஒலிம்பிக். இந்திய அணி பலம் மிகுந்த ஆஸ்திரேலியாவை 1-0 என்று வென்றது. நான்காவது இடம் பிடித்தது. நாடே கொண்டாடியது. அப்போதும் கோலில் நின்றவர் சவிதா. ரஜனி மீண்டும் மாற்று கோல்கீப்பர்.

லாரியில் ஸ்டெப்னி டயர் வைத்திருப்பார்கள். பார்த்திருப்பீர்கள். அது ஓடாது. ஆனால் காற்று இல்லாத ஸ்டெப்னியால் பயன் உண்டா? நடு வழியில் டயர் வெடித்தால் அப்போது தெரியும் அதன் அருமை. இரண்டாவது கோல்கீப்பரும் அப்படித்தான். முதல் கோல்கீப்பர் செய்யும் பயிற்சி முழுவதையும் அவரும் செய்ய வேண்டும். அதே ஓட்டம், அதே பாய்ச்சல், அதே கெட்டிப் பந்தின் அடி. எந்த நிமிடம் அழைத்தாலும் இறங்கத் தயாராக இருக்க வேண்டும்.

ஆனால் டயருக்கு மனம் இல்லை. மனுஷிக்கு இருக்கிறது. ஊரில் கேட்பார்கள், “நீ ஆடினாயா? டிவியில் காணவில்லையே?” என்று. இப்படிக் கேட்டால் பலர் மட்டையைக் கீழே போட்டுவிடுவார்கள். ரஜனி போடவில்லை.

அவர் பங்கு பெற்ற அணிகள் என்ன சாதித்தன? 2017-இல் ஆசியக் கோப்பை. இறுதி ஆட்டத்தில் சீனாவை வென்று தங்கம். 2018-இல் ஆசிய விளையாட்டுப் போட்டியில் வெள்ளி. 2022-இல் ஆசியக் கோப்பையில் வெண்கலம். அதே ஆண்டு காமன்வெல்த் போட்டியில் வெண்கலம். இந்த நான்கு அணியிலும் ரஜனி இருந்தார். அணி வென்றால் பெஞ்சில் இருந்தவர் கழுத்திலும் பதக்கம் போடுவார்கள். அது இனாமாக வந்ததல்ல. பயிற்சியில் தினமும் வேர்வை சிந்தி வாங்கியது.

2024 ஜனவரியில் ஒரு புதிய போட்டி வந்தது. ஓமான் நாட்டின் மஸ்கட் நகரில் ஐவர் ஹாக்கி உலகக் கோப்பை. அதற்கு முன் அப்படி ஓர் உலகக் கோப்பை நடந்ததில்லை. இந்த ஆட்டத்தில் அணிக்கு 5 பேர்தான். மைதானம் சிறியது. பந்து ஓரப் பலகையில் மோதித் திரும்பி வரும். கோலை நோக்கி அடி விழுந்துகொண்டே இருக்கும். கோல்கீப்பருக்கு மூச்சு விட நேரம் இருக்காது.

அந்த அணிக்கு கேப்டன் யார் தெரியுமா? ரஜனி. அப்போது அவருக்கு வயது 33.

இந்தியா போலந்தை வென்றது. அமெரிக்காவை வென்றது. நமீபியாவை வென்றது. கால் இறுதியில் நியூசிலாந்தை 11-1 என்று வென்றது. அரை இறுதியில் தென்னாப்பிரிக்காவை வென்றது. ஜனவரி 27-ஆம் தேதி இறுதி ஆட்டம். எதிரில் நெதர்லாந்து. ஹாக்கியில் உலகின் வலிமையான நாடு. இந்தியா 2-7 என்று தோற்றது. வெள்ளிப் பதக்கம் கிடைத்தது.

7 கோல் வாங்கியது தோல்விதான். அதை மறைக்க வேண்டாம். ஆனால் முதல் உலகக் கோப்பையிலேயே இந்தியா இரண்டாம் இடம் பிடித்தது. அந்த அணியை நடத்தியவர் எனுமலவாரிபல்லித் தச்சர் வீட்டுப் பெண். இதையும் மறக்க வேண்டாம்.

இங்கே சிலர் கேட்கலாம். “ஆட்டம் ஆடினால் சோறு வருமா?” நியாயமான கேள்வி. கஷ்டப்படும் வீட்டில் எழும் கேள்வி. எல்லோருக்கும் வராது என்பது உண்மை. டோக்கியோவுக்குப் பிறகு 2021-இல் ஆந்திர அரசு ரஜனிக்கு 25 லட்சம் ரூபாய் பரிசும், திருப்பதியில் வீட்டு மனையும் அறிவித்தது. ரயில்வே போன்ற துறைகளில் விளையாட்டு வீரர்களுக்கு என்று வேலை ஒதுக்கீடு உண்டு. ஆனால் அந்த இடத்துக்குப் போய்ச் சேர பல ஆண்டுகள் பிடிக்கும். அதுவரை தாங்கிப் பிடிக்க ஆள் வேண்டும். அந்த ஆள் முதலில் வீடு. பிறகு பள்ளி.

உங்கள் ஊர்ப் பள்ளியில் ஒரு பெண் பிள்ளை நன்றாக ஓடலாம். பந்தை நன்றாகப் பிடிக்கலாம். எட்டாம் வகுப்பு வந்ததும் “இனி ஆட்டம் எதற்கு?” என்று நிறுத்திவிடுவோர் உண்டு. நிறுத்தும் முன் ஒரு முறை பள்ளிக்குப் போங்கள். உடற்பயிற்சி ஆசிரியரைப் பாருங்கள். “என் பெண் எப்படி ஆடுகிறாள்?” என்று கேளுங்கள். மண்டலப் போட்டி எப்போது, மாவட்டப் போட்டி எப்போது என்று கேளுங்கள். அறிவிப்பு ஒட்டியிருந்தால் நீங்களே படித்துப் பாருங்கள். இப்போது உங்களால் படிக்க முடியும்.

போட்டிக்குப் போன பெண் ஆடாமல் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டு வீடு திரும்பலாம். அன்று அவளைக் கேலி செய்யாதீர்கள். சோறு போட்டு, மறுநாளும் பயிற்சிக்கு அனுப்புங்கள்.