காலத்தைக் கலைப்பது

(பழவேற்காடு ஏரிக்கரைக் குப்பம் ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)



நிலம் யாருக்கு, தண்ணீர் யாருக்கு, கோயில் யாருக்கு என்று நாம் நிறையப் பேசியாயிற்று. காலம் யாருக்கு என்று பேசினதில்லை. அதைப் பேச இந்த ஏரிக்கரையை விட்டால் வேறு இடம் ஏது? இங்கே காலத்தையே பங்கு போட்டு வைத்திருக்கிறார்கள். அதுக்குப் பேரு பாடு.

உங்களுக்குத் தெரியாததில்லை. முகத்துவாரத்துப் பக்கம், நீரோட்டம் உள்ள இடங்களில்தான் இறால் விழும். இடம் கொஞ்சம், வலை அதிகம். அதனால் சீட்டுப் போட்டு, இந்த இடம் இந்த நாள் இன்னாருக்கு, அடுத்த முறை அடுத்தவருக்கு என்று சுற்றி வருகிறது. நல்ல இடமும் மோசமான இடமும் எல்லோருக்கும் மாறி மாறி வரும். சண்டை இல்லை. வெளிநாட்டு ஆராய்ச்சியாளர்கள்கூட வந்து பார்த்து எழுதியிருக்கிறார்கள். நியாயமான ஏற்பாடு என்று நானும் சொல்வேன்.

ஆனா யாருக்கு நியாயம்? சீட்டுக் குலுக்குறதுக்கு முன்னாடியே ஒரு பட்டியல் இருக்கு. அதில் பேர் இருக்கணும்னா பட்டினவராப் பிறந்திருக்கணும், அந்தக் கிராமத்துத் தலைக்கட்டா இருக்கணும், ஆம்பளையா இருக்கணும். வயல் வேலை குறைந்து ஏரிக்கு வந்த தலித்துக்கு அதில் நாள் இல்லை. பறியைப் பல்லில் கவ்விக்கொண்டு சேற்றில் கையால் இறால் தடவும் இருளருக்கும் நாள் இல்லை. வருஷத்துக்கு 365 நாள் என்கிறார்கள். அதில் ஒன்றுகூட நம் பேரில் கிடையாது. போடுற பாடு அவங்களுக்கு, படுற பாடு நமக்கு.

இது பழவேற்காட்டுக் கதை மட்டுமா? பேஷ்வாக்கள் காலத்துப் புனே நகரத்துக்குள் மாலை 3 மணியிலிருந்து காலை 9 மணிவரை மகர், மாங் சாதியார் நுழையக் கூடாது என்று வைத்திருந்ததாக எழுதியிருக்கிறார்கள். ஏன்? அந்த நேரத்தில் நிழல் நீளமா விழும். நிழல் பட்டால் தீட்டு. சூரியனையே சாதிக் காவலுக்கு நிறுத்தினவர்கள்!

நந்தனுக்கு என்ன பேர் வைத்தார்கள்? திருநாளைப்போவார். நாளைக்கு, நாளைக்கு என்பதே ஒரு மனுஷனுக்குப் பேராகிவிட்டது. பெரியபுராணத்தில் இல்லாத வேதியரைப் 19ஆம் நூற்றாண்டில் கோபாலகிருஷ்ண பாரதியார் கொண்டு வந்தார். அந்த ஆண்டை, வயல் வேலையை முடித்துவிட்டுப் போ என்கிறார். இன்று ஆண்டைக்கு, நாளை நமக்கு. இதுதான் நமக்குக் கொடுக்கப்பட்ட காலம்.

நான் வங்கியில் குமாஸ்தா. வட்டி என்றால் என்ன? காலத்துக்கு வாடகை. நாள் தன் கையில் இருக்கிறவன் அடுத்த முறை மீனைக் காட்டி முன்பணம் வாங்குகிறான். நாளே இல்லாதவன் எதைக் காட்டுவான்? தினவட்டிக்காரனிடம் போகிறான். காலையில் வாங்கின காசு சாயந்திரத்துக்குள் குட்டி போடுகிறது.

சரி, என்ன செய்ய? 1830 ஜூலையில் பாரிஸ் புரட்சியின் முதல் நாள் மாலை, கோபுரக் கடிகாரங்களைப் பார்த்துச் சுட்டார்கள் என்று வால்டர் பெஞ்சமின் 1940இல் எழுதினார். ஒரே நேரத்தில், வெவ்வேறு இடங்களில், யாரும் யாருக்கும் சொல்லிக்கொள்ளாமல். ஆளுகிறவனின் காலம் ஓடிக்கொண்டே இருந்தால் புரட்சி நடக்காது என்று அந்தச் சனங்களுக்குத் தெரிந்திருந்தது.

நம் கடிகாரம் கோபுரத்தில் இல்லை, பட்டியலில் இருக்கிறது. பொதுக் குளங்கள் எல்லோருக்கும் திறந்தவை என்று 1923லேயே பம்பாய் சட்டசபை தீர்மானம் போட்டது. காகிதத்தில் குளம் திறந்தே கிடந்தது. 1927 மார்ச் 20 அன்று அண்ணல் அம்பேத்கர் மகாடு சவுதார் குளத்தில் இறங்கித் தண்ணீரைக் கையில் அள்ளிக் குடித்தபோதுதான் அந்த நாள் நம் நாளானது. 'பொறு, காலம் வரும்' என்றவர்களின் காலத்தை அவர் அன்று கலைத்தார். காலத்தைக் கலைப்பது என்று நான் சொல்வது இதைத்தான்.

ஒன்று சொல்கிறேன், கோபப்படாதீர்கள். பட்டினவர் வலையை அறுக்கிறது கலகம் இல்லை. அவர்களும் உழைக்கிறவர்கள். முகத்துவாரம் தூர்ந்தால் அவர்கள் முறையும் வெறும் முறைதான். அறுக்க வேண்டியது வலையை அல்ல, பட்டியலை.

அந்தப் பட்டியலில் நாம் மட்டும் ஏறிவிட்டுக் கதவைச் சாத்திவிடவும் கூடாது. 1932இல் இந்து நாளேட்டில் ஒரு செய்தி வந்தது. திருநெல்வேலிப் பக்கம் புதிரை வண்ணார் பகலில் வெளியே வரக் கூடாது, பார்த்தாலே தீட்டு. நடுராத்திரிக்கும் விடியலுக்கும் நடுவில்தான் வேலை. யார் துணியை வெளுத்தார்கள்? நம்ம துணியைத்தான். பகலை நாமும் ஒருத்தரிடமிருந்து பிடுங்கி வைத்திருந்தோம். அதனால் கேட்கும்போது இருளருக்கும் சேர்த்துக் கேட்போம். மீன் கூடையைத் தலையில் சுமக்கும் நம் பெண்களுக்கும் சேர்த்துக் கேட்போம்.

அடுத்த சீட்டுக் குலுக்கலுக்கு முன்னால் ஊர்க்கூட்டத்துக்குப் போவோம். மீன்வளத் துறைக்கு மனு எழுத நான் உட்கார்ந்து உதவுகிறேன். ஏரி பொது என்றால் நாளும் பொது. நாளைக்கு வா என்பார்கள். நாளைக்கு இல்லை, எந்த நாள் என்று தேதி கேளுங்கள்.

ஜெய்பீம்.