வாங்கிய மென்பொருளும் வாராத இசைவும்



எங்கள் பிள்ளையார்பாளையத்தில் நெசவாளர் ஒருவர் ஜக்கார்டு பெட்டியை விலை கொடுத்து வாங்கினால் அது அவருடையது. விற்ற கடை மூடப்பட்டாலும் பெட்டி ஓடும். வேறு தறியில் ஏற்ற எவரையும் கேட்க வேண்டுவதில்லை. படத்தொகுப்பு மென்பொருள் அத்தகையதன்று. அங்கே நாம் பெறுவது பொருளையன்று, பயன்படுத்தும் உரிமத்தையே.

நிறுவியவுடன் அது வரிசை எண்ணைக் கேட்கும். அவ்வெண்ணோடு, கணினியின் உறுப்புகளிலிருந்து ஆக்கிய ஓர் அடையாளத்தையும் நிறுவனத்தின் வழங்கிக்கு அனுப்பும். அங்கிருந்து இசைவு வாராவிடில் சில நாள் ஓடிப் பின் நின்றுவிடும். ஓர் உரிமத்திற்கு இரண்டு கணினிகள் என்பது அடோபி நிறுவனத்தின் பழைய விதி. வட்டு திடீரெனப் பழுதானால் இசைவைத் திருப்பித் தர வழியேது? வழங்கியின் கணக்கில் இறந்த கணினியும் உயிரோடிருக்கும்!

வழங்கியே நின்றுவிட்டால்? அடோபியின் பிரீமியர் புரோ 2.0 வெளிவந்தது 2006இல். அத்தலைமுறை மென்பொருள்களுக்கு இசைவு தந்த வழங்கியை நிறுவனம் 2012இல் நிறுத்தியது. இசைவு கேட்காத பிரதியை வெளியிட்டது. 'இலவசம்' என்று உலகெங்கும் செய்தி பறந்தது. முன்பே வாங்கியவர்களுக்கு மட்டுமே அது உரியதென நிறுவனம் விளக்க நேர்ந்தது. ஆப்பிளின் ஃபைனல் கட் புரோ 7க்கு வேறு விதமான முடிவு. 2011இல் விற்பனை நின்றது. 2017இல் வந்த ஹை சியரா இயங்குதளத்தில் அது ஓடவேயில்லை.

"பூட்டை உடைத்த பிரதி கிடைக்கிறதே, ஐயா!" என்பீர்கள். அதனுள் எவன் எதை நுழைத்திருக்கிறானோ! நம் பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆம் பிரிவு, முறையாக வாங்கியவர் இழப்புக்கு அஞ்சிக் காப்புப் பிரதி எடுத்துக்கொள்ள இடமளிக்கிறது. ஆயினும் 2012இல் சேர்த்த 65அ பிரிவு, உரிமையை மீறும் நோக்கத்தோடு காப்புப் பூட்டை உடைப்போருக்கு ஈராண்டு வரை சிறை விதிக்கிறது.

இதில் இழப்பு யாருக்கு? திருமணப் படம் எடுத்த குடும்பத்திற்குத்தான். தொகுப்புக் கோப்பில் படமே இராது. எங்கே வெட்டினோம், எதை ஒட்டினோம் என்ற குறிப்பே இருக்கும். அம்மென்பொருள் திறவாவிடில் அக்குறிப்பும் வீண். ஆகவே, பழைய கணினி ஓடும்போதே முடிந்த படத்தை எம்பி4 போன்ற பொது வடிவில் எடுத்து இரண்டு வட்டுகளில் வையுங்கள். புதிதாகத் தொடங்குவோர்க்குக் கேடன்லைவ் என்னும் கட்டற்ற மென்பொருள் உண்டு. அது எந்த வழங்கியிடமும் இசைவு கேட்பதில்லை. ஆனால் பழைய பிரீமியர் கோப்பை அதில் அப்படியே திறக்கலாமென எண்ணாதீர்கள். மூலப்பதிவு நாடாக்கள் கையிலிருந்தால்தான் மீண்டும் தொகுக்க முடியும். பரணைத் துப்புரவு செய்கையில் அவற்றைக் குப்பையில் சேர்த்துவிட வேண்டா.