கேமராவுக்கு முன்னால் நிற்பவர்
(முன்னாள் மாணவர் சந்திப்பு விழாவில் ஆற்றிய உரை)



சினிமாவைப் பற்றிப் பேசச் சொன்னார்கள். நட்சத்திரங்களைப் பற்றிப் பேச நிறையப் பேர் இருக்கிறார்கள். நான் ஆனந்த் பட்வர்த்தனைப் பற்றிச் சொல்கிறேன். 1950ல் பம்பாயில் பிறந்தவர். எந்தப் பெரிய கம்பெனியையும் அண்டாமல், ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகளாக ஆவணப்படம் எடுத்துவருபவர்.

பீகாரில் ஜெயப்பிரகாஷ் நாராயண் நடத்திய போராட்டம்தான் ஆரம்பம். சின்ன சூப்பர் 8 கேமராவில் எடுத்ததைத் திரையில் ஓட்டி, அந்தத் திரையையே 16 எம்.எம். கேமராவால் மறுபடி படம் பிடித்தார். 1975ல் எமர்ஜென்சி வந்தது. படச்சுருள் துண்டு துண்டாக வெளிநாடு போய்ச் சேர்ந்தது. 'கையில காசு இல்ல சார்' என்று சொல்லும் தம்பிகள் இதைக் கவனிக்கணும்.

1985ல் வந்தது 'பம்பாய் நமது நகரம்'. குடிசைகள் இடிக்கப்படுவதைக் காட்டும் படம். அதில் நடைபாதையில் வாழும் ஒரு அம்மா அவரையே மடக்குகிறார். ஏழைகளைப் படம் பிடித்து நீ பேர் வாங்குவாய், எங்களுக்கு என்ன லாபம் என்று கேட்கிறார். கத்தரிக்கோல் பட்வர்த்தன் கையில்தான் இருந்தது. வெட்டியிருக்கலாம். வெட்டவில்லை. படத்துக்குத் தேசிய விருது கிடைத்தது. குடிசை இடிப்பு நிற்கவில்லை. அந்த அம்மாவின் கேள்வி அப்படியே நிற்கிறது.

அந்தப் படத்தில் பாடியவர் விலாஸ் கோக்ரே என்ற தலித் கவிஞர். 1997 ஜூலை 11 அன்று பம்பாய் ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போட்டிருந்தார்கள். கொதித்துத் திரண்ட மக்கள்மீது போலீஸ் சுட்டதில் 10 பேர் இறந்தார்கள். அந்தத் துயரம் தாங்காமல் சில நாட்களில் கோக்ரே உயிரை மாய்த்துக்கொண்டார். பட்வர்த்தன் மறுபடி கேமராவைத் தூக்கினார். 14 ஆண்டுகள் எடுத்த 'ஜெய் பீம் காம்ரேட்' 2011ல் முடிந்தது. மூன்று மணி நேரத்துக்கும் மேல் ஓடும் அந்தப் படத்தைத் தலித் குடியிருப்புகளுக்கே கொண்டுபோய்ப் போட்டுக் காட்டினார்.

தேசிய விருது வாங்கிய இவர் படத்தைக்கூட தூர்தர்ஷன் ஒளிபரப்ப மறுத்தது. 2006ல் சுப்ரீம் கோர்ட் சொல்லித்தான் வழி பிறந்தது. படம் எடுப்பதோடு வேலை முடியவில்லை பாருங்கள். யாரைப் பற்றிய படமோ அவர்களிடமும், ஊரிடமும் அதைக் கொண்டு சேர்க்கும்வரை விடவில்லை. அந்த அம்மாவுக்கு அவர் சொல்லக்கூடிய பதில் இது ஒன்றுதான் என்று நான் நினைக்கிறேன்.

நம் விஸ்காம் மாணவர்கள் கல்லூரிக்குப் பின்னால் இருக்கும் குடியிருப்பைக் குறும்படமாக எடுத்துப் பரிசு வாங்கியிருக்கிறார்கள். ரொம்ப சந்தோஷம். அந்த ஜனங்கள் படத்தைப் பார்த்தாங்களா என்று விசாரித்தேன். இன்னும் இல்லையாம்.

நண்பர்களே, ஒரு திரை, ஒரு புரொஜக்டர், ஒரு சாயங்காலம். செலவை நம் சங்கம் ஏற்கட்டும். தம்பி தங்கைகளே, நீங்கள் அங்கே போய்ப் படத்தைப் போடுங்கள். கேள்வி கேட்பார்கள். உட்கார்ந்து கேளுங்கள். அடுத்த படம் அங்கிருந்து பிறக்கும்.